குழந்தை எப்போது கொடுக்கிறது?

ஒரு சிறுமியின் முன்னால் முப்பது ஸ்டிக்கர்களைப் பரப்பி, "உனக்குப் பிடித்த பத்தை எடுத்துக்கொள்" என்கிறார்கள். அவள் யோசித்து யோசித்துப் பத்து எடுத்து முடித்ததும் ஒரு தகவல் வருகிறது. பள்ளியில் இருக்கிற எல்லாப் பிள்ளைகளோடும் இந்த விளையாட்டை ஆட எங்களுக்கு நேரமில்லை, சிலருக்கு ஸ்டிக்கர் கிடைக்காமல் போகும். உன்னுடையதில் கொஞ்சம் கொடுக்க விரும்பினால் இந்த உறையில் போடலாம். வாங்கப்போவது யாரென்று அவளுக்குத் தெரியாது. உறைக்குள் எத்தனை விழுந்தன என்பதுதான் ஆய்வாளர்களுக்குக் கணக்கு.

சிகாகோ பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த ழான் டெசெட்டியும் அவருடைய குழுவினரும் கனடா, சீனா, ஜோர்டான், துருக்கி, அமெரிக்கா, தென்னாப்பிரிக்கா ஆகிய ஆறு நாடுகளில் 5 முதல் 12 வயது வரையிலான 1,170 பிள்ளைகளோடு இந்த ஆய்வைச் செய்தார்கள். பெரும்பாலும் கிறிஸ்தவ வீடுகள், முஸ்லிம் வீடுகள், மதம் இல்லாத வீடுகள். 2015 நவம்பரில் 'கரண்ட் பயாலஜி' இதழில் முடிவு வந்தது: மத நம்பிக்கையுள்ள வீட்டுப் பிள்ளைகள் குறைவாகக் கொடுக்கிறார்கள். உலகம் முழுக்கச் செய்தித்தாள்கள் அதைத் தலைப்பாக்கின. ஒரு தரப்பு "பார்த்தீர்களா" என்றது, இன்னொரு தரப்பு கொதித்தது.

அசிம் ஷரீஃப் என்ற உளவியலாளர் கொஞ்சம் நிதானமாக, தரவை வாங்கித் தானே கணக்குப் போட்டுப் பார்த்தார். பிழை ஒரு சின்ன இடத்தில் இருந்தது. கணினியில் நாடுகளுக்கு 1, 2, 3 என்று எண் கொடுத்திருந்தார்கள். அந்த எண் வெறும் அடையாளம். கணக்கிடும்போது அதை உண்மையான அளவாக எடுத்துக்கொண்டுவிட்டார்கள். மதுரையின் அஞ்சல் குறியீட்டு எண் சென்னையுடையதைவிடப் பெரியது, ஆகவே மதுரை பெரிய ஊர் என்று சொல்வது போன்றது இது. நாட்டை நாடாகவே வைத்துக் கணக்கிட்டபோது, பகிர்வதில் மதத்துக்கும் மதமின்மைக்கும் இடையே தெரிந்த வித்தியாசம் கரைந்துபோனது. வித்தியாசம் நாடுகளுக்கு இடையில்தான் இருந்தது. 2016இல் இந்த மறுப்பு அதே இதழில் வந்தது. 2019இல் மூலக் கட்டுரையே திரும்பப் பெறப்பட்டது. முதல் செய்தி போன தூரத்துக்கு இந்தச் செய்தி போகவில்லை.

கணக்குப் பிழை யாருக்கும் வரும். எனக்கு உறுத்துவது அதற்கும் முந்தைய விஷயம். மதம் என்பதை ஒரு சத்து மாத்திரை மாதிரி எண்ணி, சாப்பிட்ட பிள்ளைக்கும் சாப்பிடாத பிள்ளைக்கும் எத்தனை ஸ்டிக்கர் வித்தியாசம் என்று கேட்டால், பதில் எந்தப் பக்கம் வந்தாலும் பெரிதாக ஒன்றும் புரியாது. முதல் நூற்றாண்டில் கிரேக்க மொழியில் எழுதப்பட்ட கிறிஸ்தவ நூல்கள் கொடுப்பதைப் பற்றி இதைவிட நுணுக்கமாகக் கேட்கின்றன. கொடுப்பவன் மகிழ்ந்து கொடுக்கிறானா, கட்டாயத்தாலா? யார் பார்க்கிறார்கள்? யாருக்குக் கொடுக்கிறான்? பக்கத்து வீட்டுக்காரனுக்கு அதிகம் கிடைத்தால் அவன் முகம் என்ன ஆகிறது? கடந்த இருபது ஆண்டுகளில் குழந்தை உளவியலாளர்கள் பிஸ்கட்டையும் மிட்டாயையும் வைத்துக்கொண்டு கேட்டவை ஏறக்குறைய இதே கேள்விகள். ஒன்று மற்றொன்றை நிரூபிக்கிறது என்று நான் சொல்லவில்லை. ஒன்றைப் படித்துவிட்டு மற்றதைப் படித்தால் இரண்டும் கூர்மையாகத் தெரிகின்றன.

பாக்கியம் என்ற சொல்

"வாங்குகிறதைப்பார்க்கிலும் கொடுக்கிறதே பாக்கியம்." தேவாலயச் சுவர்களில் அதிகம் எழுதப்பட்ட வசனங்களில் ஒன்று. இயேசு சொன்னதாக இது வந்தாலும் நான்கு நற்செய்தி நூல்களில் எதிலும் இல்லை. அப்போஸ்தலர் நடபடிகள் 20ஆம் அதிகாரத்தில், மிலேத்து துறைமுகத்தில் எபேசு சபை மூப்பர்களிடம் விடைபெறும் பவுல் என்ற தொடக்ககாலக் கிறிஸ்தவப் போதகர் இதை நினைவுபடுத்துகிறார். அதற்குச் சற்று முன்புதான், என் தேவைகளுக்கு என் கைகளே உழைத்தன என்று கைகளைக் காட்டுகிறார். வாங்குவதைவிடக் கொடுப்பதே மேல் என்ற எண்ணம் அதற்கு முன்பே கிரேக்கர்களுக்கு இருந்தது, அரிஸ்டாட்டிலே பேசியிருக்கிறார். ஆனால் அங்கே கொடுப்பவன் வசதியுள்ள குடிமகன். இங்கே கூடாரத் தொழிலாளியான பவுல் தன் கூலியிலிருந்து கொடுப்பதைப் பற்றிப் பேசுகிறார்.

மூலத்தில் உள்ள 'மகாரியோஸ்' என்ற சொல் பேறு பெற்ற, மகிழ்ச்சியான நிலையைக் குறிப்பது. கடமையைச் சொல்லும் சொல் அல்ல. குறளின் 'ஈத்துவக்கும் இன்பம்' தமிழ் வாசகருக்கு இங்கே நினைவு வராமல் போகாது.

இந்த மகிழ்ச்சி கற்றுக்கொடுத்து வருவதா? கனடாவில் லாரா ஆக்னின், கைலி ஹாம்லின், எலிசபெத் டன் மூவரும் 2012இல் வெளியிட்ட ஆய்வில் இரண்டு வயதுகூட நிரம்பாத குழந்தைகளுக்கு முன்னால் ஒரு பொம்மைக் குரங்கு இருந்தது. குழந்தைக்குக் கொஞ்சம் மீன் வடிவ பிஸ்கட் கிடைக்கும். பிறகு சில சந்தர்ப்பங்கள்: ஆய்வாளர் பொம்மைக்கு ஒன்று கொடுப்பார்; ஆய்வாளர் எங்கிருந்தோ 'கண்டெடுத்த' ஒன்றைக் குழந்தை பொம்மைக்குக் கொடுக்கும்; கடைசியாக, குழந்தை தன் கிண்ணத்திலிருந்தே ஒன்றை எடுத்துக் கொடுக்கும். முகங்களைப் படம் பிடித்து, சிரிப்பை மதிப்பிட்டார்கள். குழந்தைகள் வாங்கியபோதைவிடக் கொடுத்தபோது அதிகம் மகிழ்ந்தார்கள். அதிலும் யாருடையதோ ஒன்றைக் கொடுத்ததைவிடத் தன்னுடையதையே கொடுத்தபோது முகம் இன்னும் மலர்ந்தது. பங்கேற்ற குழந்தைகள் சுமார் இருபது பேர்தான், அதனால் எச்சரிக்கை தேவை. பிறகு பசிபிக் தீவு நாடான வனுவாட்டுவின் கிராமத்துக் குழந்தைகளிடமும் இதேபோன்ற முடிவு கிடைத்தது என்பதால் ஒதுக்கிவிடவும் முடியாது.

இதை வைத்துக்கொண்டு "குழந்தை பிறக்கும்போதே நல்லதுதான்" என்று தாவிவிடக் கூடாது. அப்படித் தாவிய கதை ஒன்று இருக்கிறது. 2007இல் 'நேச்சர்' இதழில் ஹாம்லினும் அவருடைய சகாக்களும் ஒரு சோதனையை வெளியிட்டார்கள். கண் ஒட்டிய ஒரு மரத்துண்டு மேட்டில் ஏறத் திணறுகிறது. ஒரு துண்டு கீழிருந்து தள்ளி உதவுகிறது, இன்னொன்று மேலிருந்து கீழே தள்ளிவிடுகிறது. ஆறு மாத, பத்து மாதக் குழந்தைகள் பெரும்பாலும் உதவிய துண்டையே கையில் எடுத்தன. நல்லது கெட்டது தெரிந்தே பிறக்கிறோம் என்று எத்தனையோ பேர் எழுதினார்கள். பல நாடுகளைச் சேர்ந்த 37 ஆய்வுக் குழுக்கள் அண்மையில் ஒன்றுசேர்ந்து, ஆயிரத்துக்கும் மேற்பட்ட குழந்தைகளை வைத்து அதை மறுபடி செய்து பார்த்தன. கிடைத்தது பாதிக்குப் பாதி. நாணயத்தைச் சுண்டினால் வருவதும் அதுதான்.

எதிர்ப்பக்கம் தாவியவர்களும் உண்டு. நான்காம் நூற்றாண்டின் முடிவில் வட ஆப்பிரிக்க ஆயர் அகஸ்டின் தன் 'ஒப்புதல்கள்' நூலில், இன்னும் பேச்சு வராத ஒரு குழந்தை, தன்னோடு பால் குடிக்கும் இன்னொரு குழந்தையை முகம் வெளிறிப் பொறாமையோடு பார்த்ததைத் தான் கண்டதாக எழுதுகிறார். குழந்தையின் கள்ளமின்மை அதன் கைகால்களின் பலவீனத்தில்தான் இருக்கிறது, மனதில் இல்லை என்பது அவருடைய முடிவு. ஒரே ஒரு குழந்தையின் ஒரு பார்வையிலிருந்து அவ்வளவு பெரிய முடிவு.

சரி, "நீங்கள் பிள்ளைகளைப்போல் ஆகாவிட்டால்" என்று மத்தேயு 18இல் வருகிறதே, அது குழந்தையின் நல்ல குணத்தைச் சொல்லவில்லையா? அப்படித்தான் நானும் வெகுநாள் நினைத்தேன். அந்தப் பேச்சு எங்கே தொடங்குகிறது என்று பார்க்க வேண்டும். மாற்கு 9இல், தங்களுக்குள் யார் பெரியவன் என்று சீடர்கள் வழியெல்லாம் வாதாடிக்கொண்டு வந்திருக்கிறார்கள். அதற்குப் பதிலாகத்தான் ஒரு சிறு பிள்ளையை நடுவில் நிறுத்துகிறார் இயேசு. அன்றைய உலகில் குழந்தை என்றால் வரிசையில் கடைசி. கிரேக்கத்தில் 'பாய்ஸ்' என்ற ஒரே சொல் பிள்ளைக்கும் வேலைக்காரனுக்கும் வழங்கியது. நூற்றுக்கு அதிபதி என்ற ரோமப் படை அதிகாரியின் 'பாய்ஸ்' என்று மத்தேயு எழுதுகிற ஆளை லூக்கா அடிமை என்று எழுதுகிறார். நமக்கு இது புரியக் கஷ்டமில்லை. டீக்கடைப் பையனுக்கு நாற்பது வயதானாலும் அவன் 'பையன்'தானே.

கி.மு. 1ஆம் ஆண்டில் எகிப்தில் ஹிலாரியோன் என்ற தொழிலாளி கர்ப்பிணி மனைவிக்கு எழுதிய கடிதம் ஒன்று அந்நாட்டின் பழைய ஊரான ஆக்ஸிரிங்கஸின் குப்பை மேட்டிலிருந்து கிடைத்திருக்கிறது. அன்பான கடிதம்தான். நடுவில் ஒரு வரி: ஆண் பிறந்தால் வைத்துக்கொள், பெண் பிறந்தால் எறிந்துவிடு. பிள்ளையை நடுவில் நிறுத்தி அணைத்துக்கொள்வது அந்த உலகில் என்ன சொல்லியிருக்கும் என்பதை இந்த வரியை வைத்துத்தான் அளக்க முடியும். பிறந்த குழந்தையைக் கொல்லாதே என்று, முதல் நூற்றாண்டின் கடைசியையோ இரண்டாம் நூற்றாண்டின் தொடக்கத்தையோ சேர்ந்த 'டிடாக்கே' என்ற சபைக் கையேடு தனியாக எழுதிவைக்க வேண்டியிருந்ததும் அதனால்தான். அதே கையேடு, வாங்கக் கைநீட்டிக் கொடுக்கக் கைமடக்குகிறவனாக இராதே என்றும் சொல்கிறது.

கட்டாயமாயுமல்ல

ஜெர்மனியின் லைப்சிக் நகரில் ஃபெலிக்ஸ் வார்னெகனும் மைக்கேல் டோமசெல்லோவும் செய்த சோதனையைப் பார்த்தவர்கள் மறக்க மாட்டார்கள். ஆய்வாளர் கொடியில் துணி காயப்போடுகிறார். கிளிப் கை நழுவி விழுகிறது. அவர் குனிந்து எட்டப் பார்க்கிறார், எட்டவில்லை. பதினெட்டு மாதக் குழந்தை எழுந்து தத்தித் தத்திப் போய் அதை எடுத்து அவர் கையில் கொடுக்கிறது. யாரும் கேட்கவில்லை, யாரும் நன்றி சொல்லவில்லை. 2006இல் வெளியான இந்த ஆய்வில் 24 குழந்தைகளில் 22 பேர் ஒரு முறையாவது உதவினார்கள். கிளிப்பை அவர் வேண்டுமென்றே எறிந்தபோது குழந்தைகள் அவ்வளவாக எழுந்து போகவில்லை. ஆக, பொருள் விழுந்ததற்காக ஓடவில்லை. மனிதருக்குத் தேவை என்பதைப் புரிந்துகொண்டுதான் எழுந்தார்கள்.

இரண்டு ஆண்டு கழித்து அவர்கள் செய்த இன்னொரு ஆய்வு எனக்கு இதைவிட முக்கியமாகப் படுகிறது. இருபது மாதக் குழந்தைகளில் சிலருக்கு உதவும்போதெல்லாம் விளையாட ஒரு பரிசு, சிலருக்கு வாய்ப் பாராட்டு மட்டும், சிலருக்கு ஒன்றுமே இல்லை. அப்புறம் எல்லோருக்கும் மறுபடி உதவச் சந்தர்ப்பம் கொடுத்தார்கள். பரிசு வாங்கிய குழந்தைகள்தான் குறைவாக உதவினார்கள். தானாக ஓடிக்கொண்டிருந்த ஒன்றுக்குக் கூலி வைத்ததும், கூலி நின்றபோது ஓட்டமும் தளர்ந்துவிட்டது.

2013இல் நாடியா செர்னியாக்கும் தமார் குஷ்னிரும் செய்தது பகிர்வதைப் பற்றி. சோகமாக இருக்கும் நாய்ப் பொம்மைக்கு ஸ்டிக்கரைக் கொடுப்பதா, தானே வைத்துக்கொள்வதா என்ற உண்மையான தேர்வு சில பிள்ளைகளுக்குக் கிடைத்தது. வேறு சிலரிடம் "கொடுத்தாக வேண்டும்" என்றார்கள். பிறகு வேறொரு பொம்மை வந்தபோது, முன்பு தாங்களே முடிவெடுத்துக் கொடுத்த பிள்ளைகள் அதிகம் பகிர்ந்தார்கள். வைத்துக்கொள்ளவும் முடியும் என்ற நிலையில் கொடுத்த பிள்ளை, தன்னைப் பற்றி ஏதோ ஒன்றைக் கற்றுக்கொள்கிறது: நான் கொடுக்கிற ஆள்.

இரண்டாம் கொரிந்தியர் கடிதத்தின் 9ஆம் அதிகாரத்தை இதற்குப் பக்கத்தில் வையுங்கள். "அவனவன் விசனமாயுமல்ல, கட்டாயமாயுமல்ல, தன் மனதில் நியமித்தபடியே கொடுக்கக்கடவன்." பவுல் இதைப் பொதுவான அறவுரையாக எழுதவில்லை. எருசலேமின் ஏழைகளுக்காக மக்கெதோனியா, அகாயா பகுதிச் சபைகளில் அவர் பணம் திரட்டிக்கொண்டிருந்தார். கொரிந்து சபை ஒரு வருடம் முன்பே ஒப்புக்கொண்டு இழுத்தடித்துக்கொண்டிருந்தது. கட்டளையிட அவருக்கு ஆசை இல்லாமல் இருந்திருக்காது. ஆனாலும் 8ஆம் அதிகாரத்தில், இதைக் கட்டளையாகச் சொல்லவில்லை என்று வெளிப்படையாக எழுதுகிறார்.

இதைப் படிக்கும்போதெல்லாம் எனக்குக் காணிக்கைப் பை நினைவுக்கு வரும். பை நெருங்கும்போது அம்மா என் உள்ளங்கையில் ஒரு நாணயத்தை வைத்து அழுத்துவார். நான் அதைப் பையில் போடுவேன். அப்பா பார்த்துச் சிரிப்பார். கொடுத்தது யார்? அந்த நாணயம் ஒரு நொடிகூட என்னுடையதாக இருந்ததில்லை. கையில் வைத்துக்கொள்ளவும் செலவழிக்கவும் உரிமையுள்ள ஒன்றிலிருந்து கொடுத்தால்தான் கனடாக் குழந்தைகளின் முகத்தில் பார்த்தது நடக்கும். வீட்டில் பழக்கம் கற்றுக்கொடுப்பது தவறு என்று சொல்ல வரவில்லை. ஆனால் கொடுப்பதற்கான பயிற்சியும் கொடுப்பதும் ஒன்றில்லை என்பதைப் பெரியவர்கள் தெரிந்துவைத்திருக்க வேண்டும்.

கண்டிப்பதைப் பற்றியும் ஒரு வார்த்தை. கொலோசெயர் 3ஆம் அதிகாரம், பிள்ளைகள் பெற்றோருக்குக் கீழ்ப்படிய வேண்டும் என்று சொன்ன கையோடு, தகப்பன்மாரே, பிள்ளைகள் மனம் தளர்ந்துபோகும்படி அவர்களை எரிச்சலூட்டாதீர்கள் என்கிறது. முதல் பாதியை நம் வீடுகளில் கேட்ட அளவுக்கு இரண்டாம் பாதியைக் கேட்டதில்லை. அமெரிக்காவில் 1979இல் வெளியான ஒரு ஆய்வில், தாய்மார்களே வீட்டில் நடப்பதைக் குறித்துவைத்தார்கள். "அடித்தால் அவனுக்கு வலிக்குமில்லையா" என்று உணர்வோடு காரணம் சொன்ன வீடுகளில் ஒன்றரை, இரண்டு வயதுப் பிள்ளைகள் தாங்கள் அழவைத்த பிள்ளையைத் தேற்றவும் முயன்றார்கள். காரணம் சொல்லாமல் "நிறுத்து" என்று மட்டும் அதட்டிய வீடுகளில் அது அப்படி வளரவில்லை.

இடக்கை அறிந்தால்

அதே பவுல், அதே அதிகாரங்களில், இன்னொன்றும் செய்கிறார். மக்கெதோனியர்கள் வறுமையிலும் எப்படி அள்ளிக் கொடுத்தார்கள் என்று கொரிந்தியரிடம் சொல்கிறார். உங்களைப் பற்றி அவர்களிடம் பெருமையாகப் பேசியிருக்கிறேன், அவர்கள் என்னோடு வரும்போது நீங்கள் தயாராக இல்லையென்றால் நமக்கு வெட்கம் என்கிறார். மனதின்படி கொடு என்பதும், ஊர் பார்க்கிறது என்பதும் ஒரே கடிதத்தில் அடுத்தடுத்து நிற்கின்றன. பணம் திரட்டிய அனுபவம் உள்ள யாருக்கும் இது புரியும்.

ஊர் பார்க்கிறது என்பது குழந்தைக்கு எப்போது உறைக்கிறது? ஏறக்குறைய ஐந்து வயதில். 2012இல் வந்த ஒரு ஆய்வில் ஐந்து வயதுப் பிள்ளைகள், வாங்கப்போகிற பிள்ளை தங்களைப் பார்க்க முடிந்தபோது, கொடுப்பது கண்ணாடிப் பெட்டியில் வெளியே தெரிந்தபோது தாராளமாக இருந்தார்கள். பெட்டி மூடியிருந்தாலோ ஆள் பார்க்க முடியாமலிருந்தாலோ கை சுருங்கியது. அதே ஆண்டில் லைப்சிக் குழுவும், சக வயதுப் பிள்ளை பார்த்துக்கொண்டிருக்கும்போது ஐந்து வயதுக்காரர்கள் அதிகம் உதவுகிறார்கள், குறைவாகத் திருடுகிறார்கள் என்று காட்டியது. சிம்பன்சிகளிடம் இந்த வேறுபாடு இல்லை. பதினெட்டு மாதத்தில் யாரையும் திரும்பிப் பார்க்காமல் கிளிப்பை எடுத்துக் கொடுத்த அதே பிள்ளைதான், அடுத்த மூன்றரை வருடத்தில் சுற்றிப் பார்த்துவிட்டுக் கொடுக்கக் கற்றிருக்கிறது. வளர்ச்சி என்பது நல்லதை மட்டும் கூட்டிக்கொண்டே போகும் கணக்கில்லை.

"நீயோ தர்மஞ்செய்யும்போது, உன் தர்மம் அந்தரங்கமாயிருப்பதற்கு, உன் வலதுகை செய்கிறதை உன் இடதுகை அறியாதிருக்கக்கடவது" என்ற, இயேசுவின் மலைப்பிரசங்க வரி குறிவைப்பது சரியாக இந்த இடத்தை. பார்வையாளர் கூட்டத்தை விலக்கச் சொல்வதோடு நிற்காமல், கொடுக்கிறவனே தன்னைப் பார்த்து மெச்சிக்கொள்வதையும் தடுக்கப் பார்க்கிறது. ஆனால் அடுத்த வரியிலேயே இன்னொரு பார்வையாளர் வந்துவிடுகிறார்: அந்தரங்கத்தில் பார்க்கிற பிதா, அவர் பலனளிப்பார். ஆக, கண் அகற்றப்படவில்லை, இடம் மாறியிருக்கிறது. இதை நான் குறையாகச் சொல்லவில்லை. மனிதர்கள் இப்படித்தான் இருக்கிறார்கள் என்பதை அறிந்து எழுதப்பட்ட வரி அது.

கண்ணுக்குத் தெரியாத ஒருவர் பார்ப்பதாக எண்ணினால் பிள்ளைகள் மாறுவார்களா என்றும் ஒரு சோதனை நடந்திருக்கிறது, 2011இல். பந்து எறியும் விளையாட்டில் பிள்ளையைத் தனியே விட்டுவிடுகிறார்கள்; ஏமாற்றினால்தான் ஜெயிக்க முடியும். சிலரிடம் மட்டும், அந்தக் காலி நாற்காலியில் ஆலிஸ் என்ற மாய இளவரசி உட்கார்ந்திருக்கிறாள் என்று சொன்னார்கள். அதை நம்பிய பிள்ளைகள், பெரியவர் ஒருவர் அறையிலேயே உட்கார்ந்திருந்ததைப் போலவே ஏமாற்றாமல் விளையாடினார்கள். இது ஏமாற்றுவதைப் பற்றியது, கொடுப்பதைப் பற்றியதல்ல; அதிகம் நீட்டக் கூடாது.

பிறன் யார்

சுவிட்சர்லாந்தில் எர்ன்ஸ்ட் ஃபெரும் குழுவினரும் 3 முதல் 8 வயதுப் பிள்ளைகள் 229 பேரிடம் ஒரு தேர்வு கொடுத்தார்கள்: இரண்டு மிட்டாயையும் நீயே வைத்துக்கொள்ளலாம், அல்லது உனக்கொன்று அவனுக்கொன்று. மூன்று நான்கு வயதில் பகிர்ந்தவர்கள் பத்தில் ஒருவர்கூட இல்லை. ஏழெட்டு வயதில் ஏறக்குறைய பாதிப் பேர். 2008இல் வந்த இந்த முடிவைச் சொல்கிறவர்கள் இங்கேயே நிறுத்திக்கொள்வது வழக்கம். அதே கட்டுரையில் இன்னொன்றும் இருக்கிறது. மறுபக்கத்தில் இருப்பது தன் பள்ளிப் பிள்ளையா வேறு பள்ளிப் பிள்ளையா என்பதும் பிள்ளைகளுக்குத் தெரியும். சமமாகக் கொடுக்கும் குணம் வளர வளர, நம் ஆள் வேறு ஆள் என்ற பாகுபாடும் கூடவே வளர்ந்தது. இரண்டும் ஒரே கொடியில் பூத்தவை.

லூக்கா 10இல் சட்ட வல்லுநர் கேட்கும் கேள்வி இதுதான். பழைய தமிழ் வேதாகமத்தில் அது "எனக்குப் பிறன் யார்?" என்று இருக்கிறது. கத்தோலிக்கரும் பயன்படுத்தும் திருவிவிலியத்தில் "எனக்கு அடுத்திருப்பவர் யார்?" கிரேக்கத்தில் உள்ள 'ப்ளேஸியோன்' அருகில் இருப்பவனைக் குறிக்கும், ஆகவே இரண்டாவதுதான் சொல்லுக்கு நெருக்கம். ஆனாலும் முதல் மொழிபெயர்ப்பின் மேல் எனக்குத் தனிப் பிரியம். அருகிலுள்ளவனை நேசி என்ற கட்டளை 'பிறனை நேசி' என்று தமிழில் வந்தபோது, இயேசு பதிலாகச் சொல்லும் நல்ல சமாரியன் கதை (அடிபட்டுக் கிடந்தவனைத் தன் ஆட்களே கடந்துபோக, வேற்றினத்தான் ஒருவன் நின்று உதவும் கதை) எங்கே போய் முடியப்போகிறதோ அங்கே அந்தச் சொல் முன்கூட்டியே போய் நின்றுவிட்டது. வேறு பள்ளிப் பிள்ளை அந்தச் சொல்லுக்குள் வந்துவிடுகிறான்.

கதை தெரிந்தால் மட்டும் போதுமா? 1973இல் ஜான் டார்லி, டேனியல் பேட்சன் வெளியிட்ட ஆய்வு குழந்தைகளைப் பற்றியதல்ல, ஆனாலும் விட முடியவில்லை. பிரின்ஸ்டன் இறையியல் கல்லூரி மாணவர்கள் 40 பேர் ஒரு கட்டடத்திலிருந்து இன்னொன்றுக்குப் பேசப் போகிறார்கள். சிலருக்குப் பேச்சின் பொருளே நல்ல சமாரியன் கதை. வழியில் ஒரு சந்தில் ஒருவர் குனிந்து இருமி முனகிக்கொண்டிருப்பார். நேரமிருக்கிறது என்று சொல்லி அனுப்பப்பட்டவர்களில் 63 சதவீதம் பேர் உதவினார்கள். ஏற்கெனவே தாமதம், ஓடு என்று அனுப்பப்பட்டவர்களில் 10 சதவீதம். எதைப் பற்றிப் பேசப் போகிறார்கள் என்பது சொல்லும்படியான வித்தியாசத்தை உண்டாக்கவில்லை. பிள்ளைகளுக்குக் கதை சொல்லும் நாம் அவர்களை எந்த அவசரத்தில் வைத்திருக்கிறோம் என்ற கேள்வி இங்கிருந்து நேராக எழுகிறது. டியூஷனுக்கு ஓடும் பிள்ளையின் முன்னால் யார் விழுந்து கிடந்தாலும் அதற்கு நிற்க நேரமில்லை.

வன்கண்

கடைசியாக, எனக்கு மிகவும் பிடித்த சோதனைக்கும் எனக்கு மிகவும் கஷ்டமான உவமைக்கும் வருகிறேன்.

பீட்டர் பிளேக்கும் கேத்தரின் மக்காலிஃபும் வடிவமைத்த கருவியில் இரண்டு பிள்ளைகள் எதிரெதிரே உட்காருகிறார்கள். நடுவில் தட்டுகளில் மிட்டாய். முடிவெடுப்பது ஒரு பிள்ளை மட்டும். பச்சைப் பிடியை இழுத்தால் அவரவர் மிட்டாய் அவரவருக்கு. சிவப்பை இழுத்தால் எல்லாம் நடுக் கிண்ணத்தில் கொட்டிவிடும், யாருக்கும் கிடையாது. சில முறை ஆளுக்கொன்று. சில முறை எனக்கு ஒன்று, உனக்கு நான்கு. சில முறை எனக்கு நான்கு, உனக்கு ஒன்று.

கனடா, இந்தியா, மெக்சிகோ, பெரு, செனகல், உகாண்டா, அமெரிக்கா ஆகிய ஏழு நாடுகளில், 4 முதல் 15 வயது வரையில் 866 ஜோடிப் பிள்ளைகள் இதை ஆடினார்கள். 2015இல் முடிவு வந்தது. எதிரே இருப்பவனுக்கு அதிகம் போகிறது என்றால் சிவப்பை இழுக்கும் குணம் ஏழு நாடுகளிலும் தலைகாட்டியது. வயது மட்டும் முன்பின். கையில் வரவிருந்த ஒரு மிட்டாயையும் இழந்து, அவனுடைய நான்கைத் தடுக்கிறார்கள். தனக்கு அதிகம் வரும்போது "இது சரியில்லை" என்று சிவப்பை இழுத்தது கனடா, அமெரிக்கா, உகாண்டா ஆகிய மூன்று நாட்டுப் பிள்ளைகள் மட்டும், அதுவும் வயது ஏறிய பிறகு. இந்தியப் பிள்ளைகளிடம் அது தெரியவில்லை. ஒரு தேசத்தின் குணத்தை இதிலிருந்து எழுதிவிட முடியாது. என் தட்டில் அதிகம் விழுந்தால் உறுத்துவது தானாக வருவதில்லை, ஏதோ ஒன்று அதைக் கற்றுக்கொடுக்க வேண்டியிருக்கிறது என்பது வரை சொல்லலாம்.

சமமாகப் பகிர வேண்டும் என்பது பிள்ளைகளுக்குத் தெரியாமலும் இல்லை. 2013இல் வந்த ஒரு ஆய்வில் மூன்று வயதுக்காரர்களே "பாதி கொடுக்கணும்" என்று சரியாகச் சொன்னார்கள். தங்கள் கையில் ஸ்டிக்கர் வந்தபோது கொடுக்கவில்லை. சொல்லும் செயலும் ஒட்டியது ஏழெட்டு வயதில்தான். "நான் விரும்புகிற நன்மையைச் செய்யாமல்" என்று ரோமர் 7இல் பவுல் புலம்புவதை இதற்குப் பக்கத்தில் வைத்தால், ஒட்டியது எவ்வளவு காலம் ஒட்டியிருக்கும் என்ற சந்தேகமும் வருகிறது.

மத்தேயு 20இல் இயேசு சொல்லும் அந்த உவமையில், திராட்சைத் தோட்டத்தின் சொந்தக்காரர் விடியற்காலையில் கடைத்தெருவில் நிற்கும் ஆட்களிடம் நாளொன்றுக்கு ஒரு பணம் என்று கூலி பேசி அழைத்துப்போகிறார். காலை ஒன்பதுக்கு, பகல் பன்னிரண்டுக்கு, மூன்றுக்கு, கடைசியாக மாலை ஐந்துக்குக்கூடப் போய் ஆள் கூட்டிவருகிறார். ஐந்து மணிக்கு ஏன் இன்னும் நிற்கிறீர்கள் என்றால், எங்களை யாரும் வேலைக்கு அழைக்கவில்லை என்கிறார்கள். அன்றாடக் கூலிக்கு நின்று பார்த்தவர்களுக்குத் தெரியும், அந்தப் பதிலின் பின்னால் அன்று இரவு அடுப்பு எரியாத வீடு இருக்கிறது. ஒரு பணம் என்பது ஒரு குடும்பத்தின் ஒரு நாள் சாப்பாடு. எல்லோருக்கும் ஒரே ஒரு பணம் கொடுக்கிறார், அதுவும் கடைசியில் வந்தவர்களிலிருந்து தொடங்கி. முதலில் வந்தவர்கள் அதைப் பார்த்துக்கொண்டே நிற்க வேண்டியிருக்கிறது. பகலின் கஷ்டத்தையும் வெயிலையும் சகித்த எங்களுக்கு இவர்களைச் சமமாக்கினீரே என்று முறுமுறுக்கிறார்கள்.

உழைப்புக்கேற்ற பங்கு என்பது பிள்ளைகளுக்கே புரியும் நியாயம். அதிகம் வேலை செய்த பொம்மைக்கு அதிகம் கொடுப்பதை மூன்று நான்கு வயதிலேயே ஆய்வாளர்கள் பார்த்திருக்கிறார்கள். ஆகவே அந்த முறுமுறுப்பைக் கெட்ட குணம் என்று தள்ள எனக்கு மனம் வரவில்லை. நியாயத்தை மிக இளமையிலேயே கற்றுக்கொண்டவனின் குரல் அது. தோட்டக்காரர் அதற்கு வேறொரு கேள்வியைத்தான் திருப்பித் தருகிறார்: "நான் தயாளனாயிருக்கிறபடியால், நீ வன்கண்ணனாயிருக்கலாமா?" மூலத்தில் உன் கண் பொல்லாததா என்று இருப்பதைத் தமிழாக்கியவர்கள் 'வன்கண்' என்ற பழஞ்சொல்லால் பிடித்தார்கள். ஈத்துவக்கும் இன்பம் அறியாதவர்களை வள்ளுவர் அழைப்பதும் 'வன்கணவர்' என்றுதான். கொடுக்கும் மகிழ்ச்சியை அறியாத கண்ணும், பிறன் பெறுவதைப் பொறுக்காத கண்ணும் தமிழில் ஒரே சொல்லில் வந்து சேர்கின்றன.

மிட்டாய் ஆட்டத்தில் பிள்ளை ஏதாவது ஒரு பிடியை இழுத்தாக வேண்டும். உவமையில் அந்தக் கூலிக்காரன் பேசிய கூலியைக் கையில் பிடித்துக்கொண்டு நிற்கிறான். உன்னுடையதை வாங்கிக்கொண்டு போ என்கிறார் தோட்டக்காரர். அவன் என்ன செய்தான் என்று மத்தேயு எழுதவில்லை.